இரு பேரரசுகளின் எல்லையில் ஒரு தமிழர்: துபாஷ் ஆனந்தரங்கப் பிள்ளை

முன்னுரை

புதுச்சேரியிலிருந்து தெற்கே கடலூர் செல்லும் பெருவழியில், அரியாங்குப்பத்தை அடுத்து அமைந்துள்ள ஊர் தவளக்குப்பம். வடக்கே பிரெஞ்சுக் கும்பினியாரின் புதுச்சேரிக் கோட்டை. தெற்கே தேவனாம்பட்டினத்தில் ஆங்கிலக் கும்பினியாரின் புனித டேவிட் கோட்டை. இவ்விரண்டிற்கும் இடைப்பட்ட தொலைவு ஏறத்தாழ இருபது கிலோமீட்டரே. பதினெட்டாம் நூற்றாண்டில் உலகின் இரு பெரும் வல்லரசுகள் இந்தச் சிறு நிலத்தின் இரு முனைகளிலும் பீரங்கிகளை நிறுத்தி ஒன்றையொன்று நோக்கியிருந்தன. இடையில் இருந்த சிற்றூர்களின் வயல்களும் தோப்புகளும் படைகள் போகவும் வரவுமான பாதைகளாயின.

எல்லைப்புறத்தில் வாழ்வது எளிதன்று. வரலாற்றில் இத்தகைய நிலைக்கு ஆளான நாடுகள் பல. ஐரோப்பாவில் அங்கேரி நாடு 1526ஆம் ஆண்டு மொகாச்சுப் போரில் தோற்று, 1541இல் தலைநகர் புடாவையும் இழந்தபின், உதுமானியப் பேரரசுக்கும் ஆப்சுபர்க்குப் பேரரசுக்கும் இடையில் மூன்று கூறாகப் பிளவுண்டது. எல்லைப்புறத்து உழவர்கள் உதுமானியருக்கும் வரி கொடுத்தனர்; பழைய அங்கேரியப் பிரபுக்களுக்கும் வரி கொடுத்தனர். திரான்சில்வேனியாவின் சிற்றரசர்கள் சுல்தானுக்குத் திறை செலுத்திக்கொண்டே மறுபுறத்துப் பேரரசரோடு போரும் உடன்பாடும் மாறிமாறிச் செய்து தம் நாட்டைக் காத்தனர். அத்தகைய எல்லைகளில் இருபுறத்து மொழியும் அறிந்த மொழிபெயர்ப்பாளனுக்குத் தனி மதிப்பு உண்டு. உதுமானிய நாட்டில் அவனைத் தர்ஜுமான் என்றனர். நம் நாட்டில் துபாஷ் என்றனர். துபாஷ் என்பது இரு மொழி வல்லோன் எனப் பொருள்படும்.

நம் எல்லைப்புறத்தில் அத்தகைய பதவியில் அமர்ந்து, தாம் கண்டதையும் கேட்டதையும் இருபத்தைந்து ஆண்டுகள் தமிழில் எழுதி வைத்துச் சென்ற பெருந்தகை ஆனந்தரங்கப் பிள்ளை ஆவார். அவர்தம் வாழ்வையும் அவ்வாழ்வு நமக்கு உணர்த்தும் உண்மைகளையும் சுருங்கக் கூறுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பிறப்பும் இளமையும்

ஆனந்தரங்கப் பிள்ளை 1709ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 30ஆம் நாள் சென்னையை அடுத்த பெரம்பூரில் பிறந்தார். தந்தையார் திருவேங்கடம் பிள்ளை வணிகர். இளமையிலேயே தாயை இழந்த ஆனந்தரங்கர் தந்தையின் அரவணைப்பில் வளர்ந்தார். அவர்தம் நெருங்கிய உறவினரான நைனியப்ப பிள்ளை அந்நாளில் புதுச்சேரியில் பிரெஞ்சுக் கும்பினியாரின் தலைமைத் துபாஷாக விளங்கினார். அவர் அழைப்பின் பேரிலேயே திருவேங்கடம் பிள்ளையின் குடும்பம் புதுச்சேரிக்கு வந்தது.

ஆனால், அதிகாரத்தின் நிழலில் வாழ்வோர்க்கு அந்நிழல் எந்நேரமும் நெருப்பாக மாறக்கூடும் என்பதை அக்குடும்பம் விரைவிலேயே அறிந்தது. ஆளுநர் எபேர் காலத்தில், 1716ஆம் ஆண்டு நைனியப்ப பிள்ளை குற்றஞ்சாட்டப்பட்டுச் சிறையிலிடப்பட்டார். அவர் உடைமைகள் பறிக்கப்பட்டன. 1717இல் சிறையிலேயே அவர் உயிர் நீத்தார். அவர்தம் மைந்தர் குருவப்ப பிள்ளை கடல் கடந்து பிரான்சுக்குச் சென்று நீதி கேட்டார். தந்தைக்கு விதிக்கப்பட்ட தீர்ப்பு பிரான்சில் நீக்கப்பட்டது. அங்கே கிறித்தவ சமயம் தழுவிய குருவப்பர், புனித மிக்கேல் வீரர் என்னும் சிறப்புப் பெற்றுத் திரும்பி வந்து தலைமைத் துபாஷ் பதவியை ஏற்று, 1724இல் மறைந்தார்.

அன்று ஆனந்தரங்கர் சிறுவர். எனினும் இந்நிகழ்ச்சிகள் அவர் உள்ளத்தில் ஆழப் பதிந்திருத்தல் வேண்டும். பிற்காலத்தில் அவர் ஒவ்வொரு நாளும் யார் என்ன கூறினார், தாம் என்ன விடை தந்தோம், எந்தப் பணம் யார் கைக்குச் சென்றது என்பனவற்றையெல்லாம் விடாது எழுதி வைத்ததற்கு, நைனியப்பரின் முடிவு புகட்டிய பாடமும் ஒரு காரணமாதல் கூடும்.

வணிகத்தில் வளர்ச்சி

1726இல் தந்தையார் மறைந்தார். பதினேழு வயதே நிரம்பிய ஆனந்தரங்கரின் திறமையை ஆளுநர் லெனுவார் உணர்ந்து, பரங்கிப்பேட்டையிலிருந்த பிரெஞ்சுப் பண்டகசாலையின் பொறுப்பை அவரிடம் ஒப்படைத்தார். நெசவாளர்க்கு முன்பணம் தந்து துணி பெறுதல், சாயம் தோய்த்தல், கப்பலில் ஏற்றுதல் ஆகியவற்றின் நுட்பங்களை அவர் அங்கே கற்றுத் தேர்ந்தார். ஆற்காட்டிலும் லாலாப்பேட்டையிலும் வணிக நிலையங்கள் அமைத்து, ஐரோப்பியப் பொருள்களுக்கு ஈடாக உள்நாட்டுச் சரக்குகளைப் பெற்றுப் பெரும்பொருள் ஈட்டினார். ஆனந்தப் புரவி என்னும் பெயர் கொண்ட அவரது சொந்தக் கப்பல் கீழைக் கடலில் ஓடியது. திரைகடல் ஓடியும் திரவியம் தேடு என்னும் முதுமொழிக்கு இலக்கியமாக வாழ்ந்தவர் அவர்.

வணிகனுக்கு வேண்டிய முதற்பொருள் செய்தியே. எந்த நாட்டில் மழை பெய்தது, எந்த நவாபு யாரோடு பகை கொண்டார், எந்தக் கப்பல் எந்தத் துறையிலிருந்து புறப்பட்டது என்பதை முன்னரே அறிபவனே பொருள் ஈட்டுவான். ஆனந்தரங்கருக்கு ஆற்காட்டிலும் சென்னையிலும் பிற ஊர்களிலும் கடிதம் எழுதுவோர் இருந்தனர். அவ்வாறு திரட்டிய செய்திகளே பின்னர் வரலாற்றுச் செல்வமாக மாறின. 1736ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 6ஆம் நாள் அவர்தம் நாட்குறிப்பு தொடங்குகின்றது.

அடைக்கலம் தந்த நகரம்

அக்காலத்தில் கருநாடகப் பகுதி ஆற்காட்டு நவாபுகளின் ஆட்சியில் இருந்தது. தில்லி முகலாயப் பேரரசின் வலிமை குன்றிவிட்டமையால், ஐதராபாத்து நிசாமும் ஆற்காட்டு நவாபும் பெயரளவில் முகலாயருக்கு அடங்கித் தாமே ஆண்டுவந்தனர். 1740இல் மராத்தியப் படைகள் பாய்ந்து வந்தன. நவாபு தோஸ்த் அலி கான் தாமல்செருவுக் கணவாயில் போரிட்டு மடிந்தார். அவர்தம் குடும்பத்தாரும், அவர் மருமகர் சந்தா சாகிபின் குடும்பத்தாரும் புதுச்சேரிக்கு வந்து அடைக்கலம் புகுந்தனர். மராத்தியர் அச்சுறுத்தியும் ஆளுநர் துய்மா அவர்களை ஒப்படைக்க மறுத்தார். இச்செயல் நவாபு குடும்பத்தாரிடையே பிரெஞ்சுக்காரருக்குப் பெருமதிப்பைத் தேடித் தந்தது. சந்தா சாகிபு 1741இல் திருச்சிராப்பள்ளியில் மராத்தியரிடம் சிறைப்பட்டு, ஏழாண்டுகள் கழித்தே விடுதலை பெற்றார்.

ஆற்காட்டு அரண்மனையின் நடைமுறைகளையும், பாரசீகச் சொற்கள் மிக்க அரசியல் மடல்களின் மரபையும், நவாபு குடும்பங்களின் உறவு முறைகளையும் ஆனந்தரங்கர் நன்கறிந்திருந்தார். யாருக்கு எந்த முறையில் மரியாதை செய்யவேண்டும், எத்தனை பீரங்கிக் குண்டுகள் முழக்கி வரவேற்கவேண்டும், எவ்வகைப் பரிசுப் பொருள்களை அனுப்பவேண்டும் என்பனவெல்லாம் அந்நாளில் அரசியலின் இலக்கணமாகும். அவ்விலக்கணத்தைப் பிரெஞ்சு ஆளுநர்களுக்குக் கற்பித்த ஆசிரியர் இவரே எனின் மிகையாகாது.

தான்யூபு நதிக்கரை வழக்கும் தமிழகத்துப் போரும்

1742ஆம் ஆண்டு சனவரியில் துய்ப்ளேக்சு ஆளுநராக வந்தார். இதற்குள் ஐரோப்பாவில் ஒரு பெரும்போர் மூண்டிருந்தது. ஆத்திரியப் பேரரசர் ஆறாம் சார்லசு 1740இல் ஆண் வாரிசின்றி மறைந்தார். அவர்தம் மகள் மரியா தெரேசா 1741ஆம் ஆண்டு சூன் திங்களில் அங்கேரியின் அரசியாக முடிசூடினார். தந்தையின் நாடுகள் மகளுக்கு உரியவையா என்னும் வழக்கில் பிரான்சு அவருக்கு எதிராகவும் இங்கிலாந்து அவருக்கு ஆதரவாகவும் நின்றன. தான்யூபு நதிக்கரையில் யார் முடிசூடுவது என்னும் வழக்கிற்கும் சோழமண்டலக் கரையில் நெய்து கொண்டிருந்தவர்க்கும் எவ்வகைத் தொடர்பும் இல்லை. எனினும் அவ்வழக்கே இங்குள்ள இரு கும்பினியாரையும் போரில் இறக்கிற்று. பேரரசுகளின் எல்லையில் வாழ்வோர்க்கு நேரும் அவலம் இதுவே.

1746 செப்டம்பரில் லபூர்தொனே என்னும் பிரெஞ்சுக் கடற்படைத் தலைவர் சென்னையைக் கைப்பற்றினார். சென்னையைத் தம்மிடம் ஒப்படைக்கவேண்டும் என்று கோரிய நவாபு அன்வருத்தீன் கான், தம் மகன் மகபூசு கானைப் பெரும்படையுடன் அனுப்பினார். அவ்வாண்டு நவம்பரில் அடையாற்றங்கரையில் நிகழ்ந்த போரில், சில நூறு பேரே கொண்ட பிரெஞ்சுப் படை அப்பெரும்படையைச் சிதறடித்தது. பயிற்சி பெற்ற சிறுபடை, பழைய முறையில் போரிடும் பெரும்படையை வெல்லும் என்பதை இந்நாடு அன்று கண்டது. பின்னர் நிகழ்ந்தவை அனைத்திற்கும் அந்த ஒரு நாளே வித்தாயிற்று.

அதே 1746ஆம் ஆண்டு பிப்ரவரியில் தலைமைத் துபாஷ் கனகராய முதலியார் மறைந்தார். அவர் கிறித்தவர். அப்பதவி கிறித்தவர் ஒருவருக்கே அளிக்கப்படவேண்டும் எனச் சேசு சபைப் பாதிரிமார் வற்புறுத்தினர். துய்ப்ளேக்சின் மனைவியார் ழான் அம்மையாரும் ஆனந்தரங்கரை விரும்பவில்லை. புதுச்சேரியிலேயே பிறந்து தமிழ் அறிந்திருந்த அவ்வம்மையாருக்குத் துபாஷின் துணையின்றியே உள்நாட்டு விவகாரங்களில் தலையிட இயன்றது. இத்தனை எதிர்ப்புகளுக்கு இடையிலும், வேறு எவராலும் அப்பணியைச் செய்ய இயலாது என்பதை உணர்ந்த துய்ப்ளேக்சு, ஆனந்தரங்கரையே அப்பொறுப்பில் அமர்த்தினார்.

அரியாங்குப்பத்தில் மூண்ட தீ

1748ஆம் ஆண்டு ஆகத்துத் திங்களில் ஆங்கிலக் கடற்படைத் தலைவர் பொசுகாவன் பெரும்படையுடன் புனித டேவிட் கோட்டையிலிருந்து வடக்கு நோக்கிப் புறப்பட்டார். தவளக்குப்பத்தை உள்ளிட்ட நம் பகுதியே அப்படையின் வழியில் முதலில் நின்றது. அரியாங்குப்பத்தில் பிரெஞ்சுக்காரர் ஒரு சிறு கோட்டையைக் கட்டியிருந்தனர். அதனை எளிதிற் பிடித்துவிடலாம் எனக் கருதிய ஆங்கிலேயர் முதல் தாக்குதலில் பேரிழப்புடன் பின்வாங்கினர். பின்னாளில் இந்தியப் படையின் தந்தை எனப் புகழப்பட்ட மேசர் லாரன்சு இங்கேயே பிரெஞ்சுக்காரரிடம் சிறைப்பட்டார். ஆனால், கோட்டையில் இருந்த வெடிமருந்து தற்செயலாகத் தீப்பற்றி வெடித்துப் பலர் மாண்டனர். எஞ்சியோர் கோட்டையைத் தகர்த்துவிட்டு நகருக்குள் ஒதுங்கினர். பின்னர் ஆங்கிலேயர் புதுச்சேரியை முற்றுகையிட்டனர். அக்டோபர் மழை வந்து அகழிகளில் நீர் நிரம்பவே, ஆயிரத்திற்கும் மேற்பட்ட ஐரோப்பிய வீரரை இழந்து அவர்கள் திரும்பினர்.

வெற்றி பெற்ற அந்நாள்களே ஆனந்தரங்கருக்குப் பெருந்துயர் தந்த நாள்களாகவும் அமைந்தன. முற்றுகை நடந்துகொண்டிருந்த செப்டம்பரில், நகரிலிருந்த வேதபுரீசுவரர் கோயில் ஆட்சியாளரின் ஆணையால் இடிக்கப்பட்டது. நகரத்தின் தலைமைத் தமிழராக இருந்தும் அவரால் அதனைத் தடுக்க இயலவில்லை. அந்நிகழ்ச்சியை மனம் நொந்து விரிவாக எழுதி வைத்தார். அதில் தம்மவர் ஒன்றுபட்டு நில்லாமையையும் மறைத்தாரில்லை. பிறருடைய ஆட்சியில் ஒருவன் எவ்வளவு உயரத்தில் அமர்ந்தாலும், தன் மக்கள் உயிரினும் மேலாகப் போற்றும் ஒன்றைக் காக்கும் வலிமை அவனுக்கு இல்லாது போகலாம் என்னும் கசப்பான உண்மையை அவர் வாழ்வில் இங்கே காண்கின்றோம். எச்சமயத்தார் வழிபாட்டிடமாயினும் அதன் இழப்பு மானிடர் அனைவர்க்கும் இழப்பே என்பதை உணர்வோர் அப்பக்கங்களைக் கண்கலங்காது படிக்க இயலாது.

அவ்வாண்டே ஐரோப்பாவில் அமைதி உடன்படிக்கை ஏற்பட்டது. வட அமெரிக்காவில் லூயிபூர்க்குக் கோட்டையைப் பிரான்சு திரும்பப் பெற்றது. அதற்கு ஈடாகச் சென்னை ஆங்கிலேயரிடம் திருப்பித் தரப்பட்டது. மாண்டோர் எதற்காக மாண்டனர் என்னும் வினாவிற்கு அவ்வுடன்படிக்கையில் விடையில்லை.

உயர்வின் உச்சி

1749 ஆகத்துத் திங்கள் 3ஆம் நாள் ஆம்பூர்ப் போரில் அன்வருத்தீன் கான் வீழ்ந்தார். பிரெஞ்சுக்காரரின் துணையுடன் சந்தா சாகிபு நவாபாயினார். அதற்குக் கைம்மாறாக வில்லியனூர், பாகூர்ப் பகுதிகள் பிரெஞ்சுக்காரருக்கு வழங்கப்பட்டன. இன்று புதுச்சேரி ஒன்றியப் பகுதியின் நிலம் தமிழ்நாட்டு நிலத்தோடு பின்னிப் பிணைந்து கிடப்பதற்கு அக்கொடைகளும் ஒரு காரணமாகும். 1750 டிசம்பரில் செஞ்சிக்கு அருகில் நிசாம் நாசிர் ஜங் கொல்லப்பட்டார். முசஃபர் ஜங் புதுச்சேரிக்கே வந்து தர்பார் நடத்தினார். ஆனந்தரங்கருக்கும் மூவாயிரம் குதிரைக்குரிய மன்சப்தார் என்னும் சிறப்பு முசஃபர் ஜங்கால் அளிக்கப்பட்டது.

புலவர்கள் அவரை நாடி வந்தனர். தியாகராச தேசிகர் ஆனந்தரங்கன் கோவை பாடினார். சீனிவாச கவி வடமொழியில் ஆனந்தரங்க விசய சம்பு இயற்றினார். தெலுங்கிலும் அவர்மீது நூல் எழுந்தது. மும்மொழிப் புலவரும் போற்றும் வள்ளலாக அவர் திகழ்ந்தார்.

சரிவும் முடிவும்

ஏறிய வெள்ளம் வடிந்தே தீரும். 1751இல் கிளைவு ஆற்காட்டைக் கைப்பற்றினார். 1752 சூனில் திருவரங்கத்தில் பிரெஞ்சுப் படை சரணடைந்தது. சந்தா சாகிபு கொல்லப்பட்டார். கருவூலம் வறண்டது. ழான் அம்மையாரின் ஆதரவு பெற்ற பாப்பையப் பிள்ளையின் கை ஓங்க, ஆனந்தரங்கரின் செல்வாக்குக் குறைந்தது. 1754இல் கொதே என்பவர் பிரான்சிலிருந்து வந்து துய்ப்ளேக்சைத் திருப்பியனுப்பினார். துய்ப்ளேக்சின் நற்பேற்றில் பெருநம்பிக்கை வைத்திருந்த ஆனந்தரங்கர், அவர் புதுச்சேரியை விட்டுச் சென்றதையும் காண நேர்ந்தது. பின்வந்த ஆளுநர் லெரி காலத்தில், 1756ஆம் ஆண்டளவில், ஆனந்தரங்கரும் பதவியிழந்தார். உடல் நலமும் குன்றியிருந்தது. எனினும் எழுதுகோலை அவர் கீழே வைக்கவில்லை.

1758இல் லாலி பெரும்படையுடன் வந்து புனித டேவிட் கோட்டையைப் பிடித்து இடித்தார். சுமை தூக்கவும் வண்டி இழுக்கவும் குடிமக்களைக் கட்டாயப்படுத்தியமையால் அவர் மக்களின் வெறுப்புக்கு ஆளானார். 1760 சனவரி 22இல் வந்தவாசியில் அவர் தோற்றார். அவ்வாண்டு இறுதியில் ஆங்கிலேயர் புதுச்சேரியை நிலத்தாலும் கடலாலும் வளைத்துக்கொண்டனர். உணவின்றி நகரம் வாடியது. உண்ணும் வாய்களைக் குறைக்கக் கருதிய லாலி, உள்நாட்டு மக்கள் ஏறத்தாழ 1400 பேரைக் கோட்டைக்கு வெளியே துரத்தினார். ஆங்கிலேயரோ அவர்களைத் தம் அணியைக் கடந்து செல்ல விடவில்லை. இரு படைகளுக்கும் இடையில், புல்லையும் வேரையும் தின்று, எட்டு நாள் அம்மக்கள் கிடந்து துன்புற்றனர். அதன் பின்னரே ஆங்கிலேயர் வழிவிட்டனர். எல்லைப்புற வாழ்வு என்பதன் முழுப்பொருள் அவ்வெட்டு நாள்களில் அடங்கியுள்ளது.

அம்முற்றுகையினிடையே, 1761 சனவரி 12ஆம் நாள் ஆனந்தரங்கப் பிள்ளை காலமானார். நான்கு நாள் கழித்து, சனவரி 16இல் நகரம் ஆங்கிலேயரிடம் சரணடைந்தது; பின்னர் இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டது. தாம் வளர்த்த நகரம் வீழ்ந்ததைக் காணும் கொடுமை மட்டும் அவருக்கு நேரவில்லை.

நாட்குறிப்பின் சிறப்பு

அவர் மறைந்து ஏறத்தாழ 85 ஆண்டுகள் அந்நாட்குறிப்பு வெளியுலகம் அறியாது கிடந்தது. 1846இல் கல்லுவா மொம்பிரேன் என்னும் பிரெஞ்சுக்காரர் அதனைக் கண்டெடுத்தார். சென்னை அரசு 1904 முதல் 1928 வரை பன்னிரண்டு தொகுதிகளாக ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டது. தமிழ் மூலம் 1948 முதலே புதுச்சேரியில் அச்சேறத் தொடங்கிற்று. தமிழில் எழுதிய நூலைத் தமிழர் பிறமொழி வழியாகவே முதலில் அறிய நேர்ந்தது எண்ணிப் பார்க்கத்தக்கது.

அந்நூலின் நடை செய்யுள் வழக்கன்று. செந்தமிழ் உரைநடையும் அன்று. பாரசீகம், தெலுங்கு, போர்த்துக்கீசியம், பிரெஞ்சு ஆகியவற்றின் சொற்கள் கலந்த அக்காலப் பேச்சு நடை அது. தூய தமிழை விரும்புவோர் அதனைக் கண்டு முகஞ்சுளித்தல் கூடும். ஆயினும் அன்று ஒரு துறைமுக நகரத்தில் மக்கள் எவ்வாறு பேசினர் என்பதற்கு அதனினும் சிறந்த சான்று வேறு யாது? கப்பல் வந்த நாள், துணியின் விலை, திருமண விருந்து, வழக்கு, வதந்தி, வெடி முழக்கம் ஆகிய அனைத்தும் அதில் இடம்பெற்றுள்ளன. அவர்தம் உடன்பிறந்தார் மகன் திருவேங்கடம் பிள்ளை அப்பணியைத் தொடர்ந்தார். இரண்டாம் வீராநாயக்கரின் நாட்குறிப்பும் இவ்வழியில் எழுந்ததேயாகும். எழுத்தாளர் பிரபஞ்சன் இந்நாட்குறிப்பை அடிப்படையாகக் கொண்டு மானுடம் வெல்லும், வானம் வசப்படும் என்னும் புதினங்களைப் படைத்தார். பின்னதற்கு 1995ஆம் ஆண்டு சாகித்திய அகாதெமி விருது கிடைத்தது.

அவரை எவ்வாறு மதிப்பிடுவது?

அயலாரின் கும்பினிக்கு ஊழியம் செய்து பொருள் குவித்தவர் என்று அவரைக் குறை கூறுவோர் உளர். அக்கூற்றில் உண்மை இல்லாமலில்லை. துய்ப்ளேக்சின் போர்களால் பாழான ஊர்கள் பல. அப்போர்களுக்கு உதவிய கைகளில் இவர் கையும் ஒன்று. சாதிப் பெருமிதமும், போட்டியாளர் மீது பொறாமையும், சோதிடத்தில் மிகுந்த பற்றும் அவர் எழுத்தில் வெளிப்படையாகவே தெரிகின்றன. அவற்றை மூடி மறைத்து அவரைக் குறையற்ற பெரியோராகக் காட்டுதல் வரலாற்றுக்குச் செய்யும் நன்றியாகாது.

ஆயினும் ஒன்றை எண்ணுதல் வேண்டும். தேசம் என்னும் இன்றைய கருத்து அன்று உருவாகவில்லை. முகலாயர், நிசாம், நவாபு, மராத்தியர், பிரெஞ்சுக்காரர், ஆங்கிலேயர் என அறுவர் கைகளில் நாடு இழுபட்ட காலம் அது. அக்காலத்தில் வாழ்ந்தோர் யாரேனும் ஒருவரைச் சார்ந்தே வாழவேண்டியிருந்தது. சார்ந்து வாழ்ந்த பலர் மறைந்து போயினர். ஆனந்தரங்கர் மட்டும் தம் தலைவர்களின் பேராசையையும், தம் மக்களின் ஒற்றுமையின்மையையும், தம்முடைய அச்சத்தையும் ஒருங்கே எழுதி வைத்தார். வென்றவர்கள் எழுதிய வரலாற்றின் பக்கத்தில் வைத்துப் பார்க்கத்தக்க ஒரு தமிழரின் சான்று நமக்கு இருப்பது அவரால்தான்.

முடிவுரை

1954 நவம்பர் முதல் நாள் புதுச்சேரி இந்திய ஒன்றியத்தின் ஆட்சியின்கீழ் வந்தது. 1962 ஆகத்து 16இல் சட்டமுறை இணைப்பும் நிறைவேறியது. ஆனந்தரங்கர் வாழ்ந்த மாளிகை புதுச்சேரி நகரில் அவர்தம் நினைவைத் தாங்கி நிற்கின்றது. அரியாங்குப்பத்துக் கோட்டையைத் தகர்த்த போரும், அதை ஏவிய பேரரசுகளும் மறைந்தன. மெழுகுத்திரி ஒளியில் ஒருவர் தம் தாய்மொழியில் எழுதிய ஏடுகள் மட்டும் நிலைத்து நிற்கின்றன.

மாணவச் செல்வங்கள் அந்நாட்குறிப்பின் ஒரு தொகுதியையேனும் எடுத்துப் படித்தல் வேண்டும். தம் ஊரின் பெரியோர் கூறும் பழஞ்செய்திகளையும், தம் இல்லத்தில் உறங்கும் பழைய கணக்கேடுகளையும் கடிதங்களையும் அழியவிடாது காத்தல் வேண்டும். கும்பினிக் கணக்குகளுக்கு இடையே எழுதப்பட்ட குறிப்புகள் ஒரு நூற்றாண்டின் வரலாறாயின. நம் இல்லத்துப் பெட்டிகளிலும் அத்தகைய ஏடு ஒன்று கிடக்கக்கூடும். அதனைக் கரையானுக்கு இரையாக்குவதும் காப்பதும் நம் கையில்தான் உள்ளது.